கிழிஞ்ச கலண்டரும் வெண்கல நடராசரும்

போன மாசம் எங்கட வீட்டுக்கு ஒருத்தர் வந்தவர். ஊர் ஆள்தான். இங்க சுவிஸில ஒரு கோயில் பரிபாலன சபையில இருக்கிறவர். தேத்தண்ணியைக் குடிச்சுக்கொண்டு சாமித்தட்டைப் பார்த்தார். "என்ன தம்பி, இந்தக் கிழிஞ்ச கலண்டரை இன்னும் வைச்சிருக்கிறீர்? எறிஞ்சுபோட்டு ஒரு வெண்கல நடராசர் வாங்கி வையும். ஹோலுக்கும் வடிவா இருக்கும், வாற வெள்ளைக்காரருக்கும் எங்கட கலையைக் காட்டலாம்" எண்டார்.

வீட்டுக்கு வந்த பெரியவர். சிரிச்சுச் சமாளிச்சன். ஆனா அவர் போன பிறகு எனக்கு நித்திரை வரேல்லை. அவருக்கு நேரில சொல்லாததை இங்க எழுதுறன்.

முதல்ல அந்தக் கலண்டர் எப்பிடி வந்தது எண்டு சொல்லவேணும்.

1995 ஒக்டோபர் 30 இடம்பெயர்வில வலிகாமத்தை விட்டு வந்த சனத்தோட நாங்களும் வந்தம். அம்மம்மாவின்ர முருகன் படம் சுவரிலயே நிண்டிட்டுது. அவ வழி முழுக்க அதைச் சொல்லித்தான் அழுதவ. வீட்டைச் சொல்லி அழேல்லை. அடுத்த ரெண்டு வருசத்தில ஏஜென்சிக்குக் காசு கட்டி நான் பஹ்ரைனுக்குப் போனன். ஈசா டவுனில ஒரு அறையில ஆறு பேர். ரெண்டு திருநெல்வேலிக்காரர், ஒரு மலையாளி, ரெண்டு வங்காளதேசத்துப் பெடியள், நான்.

ஈசா டவுனில பழைய சாமான் விக்கிற சந்தை ஒண்டு இருக்கு. (2012 ஜூலையில அந்தச் சந்தையில பெரிய தீ பிடிச்சதைச் செய்தியில பார்த்திருப்பியள்.) ஒரு வெள்ளிக்கிழமை சப்பாத்து வாங்கப் போனனான். பழைய காத்தாடி, கேத்தில், கால் உடைஞ்ச கதிரை எல்லாத்துக்கும் நடுவில கண்ணாடி வெடிச்ச பிரேமுக்குள்ள முருகன், வள்ளி, தெய்வானை, மயில். அம்மம்மாவின்ர அதே படம். சிவகாசி அச்சு. ஒப்பந்தம் முடிஞ்சு நாட்டுக்குப் போன ஆரோ ஒருத்தன் விட்டிட்டுப் போயிருக்கவேணும். அரை தினார் குடுத்து வாங்கினன். சப்பாத்து வாங்கேல்லை.

படத்தை இரும்பு அலுமாரிக் கதவின்ர உள்பக்கம் ஒட்டினன். அறைக்குள்ள விளக்குக் கொளுத்த ஏலாது. இரவு வேலையால வந்து கதவைத் திறந்தால் அதுதான் நடை திறக்கிறது, மூடினால் நடை சாத்திறது. நான் கதவைத் திறந்து நிண்டால் அந்த வங்காளப் பெடியன் தன்ர ரேடியோவைக் குறைச்சுப்போடுவான். ஒருநாளும் நான் கேட்டதில்லை. அவன் தொழுகைக்கு நிக்கேக்கை நாங்களும் கதைக்கிறதை நிப்பாட்டுவம். சாமி எண்டால் என்ன எண்டு ஆறு பேருக்கும் அந்த அறையில விளங்கியிருந்தது. பரிபாலன சபைக்காரருக்கு விளங்கேல்லை.

லீவு நாளில பஸ் பிடிச்சு மனாமாவுக்குப் போறதும் உண்டு. அங்க பழைய சூக் ஒழுங்கைக்குள்ள ஸ்ரீநாத்ஜி கோயில் இருக்கு. சிந்துப் பக்கத்தால வந்த தட்டை வணிகர் கட்டினது, இருநூறு வருசப் பழசு. 2019 ஓகஸ்டில இந்தியப் பிரதமர் வந்து புனரமைப்பு வேலையைத் தொடக்கிவைச்சதால கனபேர் பெயர் கேள்விப்பட்டிருப்பியள். அந்தச் சாமியின்ர கதை அகதியளுக்கு நல்லா விளங்கும். ஔரங்கசீப் காலத்தில, 1669 இல, பயத்தில கோவர்த்தனத்தை விட்டு வண்டியில ஏத்திக்கொண்டு வெளிக்கிட்ட சிலை. ஊர் ஊரா அலைஞ்சு 1672 இலதான் ராஜஸ்தான் நாத்துவாராவில இருந்தது. இடம்பெயர்ந்த சாமி. அந்தச் சம்பிரதாயத்தில ஸ்ரீநாத்ஜியைப் படமாக் கீறி வீட்டில வைச்சு, சிலைக்குச் செய்யிற சேவை முழுக்க அந்தப் படத்துக்கே செய்வினம். தாளில கீறினது, துணியில கீறினது எண்டு ஆரும் குறைச்சுப் பார்க்கிறதில்லை.

சரி, இப்ப "எங்கட கலை" விசயத்துக்கு வாறன்.

படிச்ச ஆக்களிட்ட ஒரு கதை இருக்கு. சோழர் காலத்து வெண்கலம் கலை. ரவிவர்மா வந்து கெடுத்தார். சிவகாசிக் கலண்டர் குப்பை. ரவிவர்மா 1894 இல பம்பாயில அச்சகம் போட்டு சாமிப் படங்களை அடிச்சு வித்தவர். எங்கட பக்கத்துக்கு வந்த முருகன், லட்சுமி படங்களுக்குக் கோவில்பட்டி கொண்டைய ராஜு (1898-1976) முக்கியமான ஆள். சென்னை ஓவியப் பள்ளியில படிச்சு, ரமணாச்சிரமத்தில இருந்து, நாடகத்துக்குத் திரைச்சீலை கீறி, பிறகு கலண்டருக்கு வந்தவர். அவரும் அவற்ற சீடர்களும் கீறின முகங்களைத்தான் நாங்கள் கண்ணை மூடினால் காணுறம். கருங்கல் முருகனைக் கனவில கண்ட ஆக்கள் எத்தினை பேர்? எனக்குக் கனவில வாற முருகனுக்கு ரோஸ் நிறக் கன்னம்.

இந்தக் குப்பைக் கதைக்குச் சாட்சியா ஆனந்த குமாரசுவாமியை இழுப்பினம். ஓம், அவர் ரவிவர்மாவைக் கடுமையா விமர்சிச்சவர்தான். கொழும்பில பிறந்த எங்கட ஆள், சேர் முத்துக்குமாரசுவாமியின்ர மகன். நடராசரை உலகம் கலையாப் பார்க்கிறதுக்கு அவர் எழுதினதும் ஒரு பெரிய காரணம். 1917 இல இருந்து பொஸ்டன் நூதனசாலையில வேலை செய்தவர். ஆனா அதே மனுசன்தான் 1943 இல, கலைப்பொருளை ஏன் காட்சிக்கு வைக்கவேணும் எண்டு கேக்கிற தலைப்போட ஒரு புத்தகமும் போட்டவர். அவற்ற வாதம் எளிமையானது. இந்தப் பொருளுகள் பயன்பாட்டுக்குச் செய்தது, நூதனசாலைக்கெண்டு செய்ததில்லை. அந்த அளவுகோலை அவருக்கே திருப்பிப் பிடிக்கிறன். ஒவ்வொரு நாளும் பயன்படுற கலண்டர் முருகன், கண்ணாடிப் பெட்டிக்குள்ள நிக்கிற நடராசரை விடத் தன்ர வேலையை ஒழுங்காச் செய்யிறார்.

வெண்கலத்தை நான் குறைச்சுக் கதைக்கேல்லை. சுவாமிமலை ஸ்தபதி மெழுகில உரு செய்து, மண் பூசி, மெழுகை உருக்கி வெளியில எடுத்து, அந்த இடத்துக்கு உலோகத்தை வார்க்கிறார். பிறகு மண்ணை உடைக்கவேணும், அதால ஒரு அச்சில ஒரு சிலைதான். அது பெரிய வித்தை. ஆனா என்னத்துக்குச் செய்யிறார்? அபிசேகத்துக்கு, வீதி உலாவுக்கு. கோயிலில உற்சவ மூர்த்தியை நீங்கள் எப்பிடிக் கண்டனீங்கள்? பட்டு, மாலை, நகை. முகம் மட்டும் தெரியும், அதுவும் சனத்துக்கு மேலால எட்டிப் பார்த்தால். புத்தகத்தில "கலை" எண்டு காட்டுற வெறும் மேனி வெண்கலம், கும்பிட வந்த சனத்துக்குக் காட்டாத கோலம். நூதனசாலை முதல்ல சாமியின்ர உடுப்பைக் கழட்டுது, பிறகு வடிவு எண்டு சொல்லுது.

அந்த வடிவுக்கு விலை வந்தால் என்ன நடக்கும் எண்டதும் எங்களுக்குத் தெரியும். அரியலூர் மாவட்டம் ஸ்ரீபுரந்தான் கோயில் நடராசர் களவு போய், 2008 இல அவுஸ்திரேலிய தேசிய கலைக்கூடம் ஐம்பது இலட்சம் டொலருக்கு மேல குடுத்து வாங்கி, 2014 செப்டெம்பரில திருப்பிக் குடுத்தது. அதுக்கு முதல் பத்தூர் நடராசர். 1976 இல மண்ணுக்குள்ளால வந்து லண்டனுக்குப் போய்ச் சேர்ந்தவர். 1991 இல இங்கிலாந்து மேல்முறையீட்டு நீதிமன்றமே அது கோயிலின்ர சொத்து எண்டு ஏத்துக்கொண்டது. கோயில் ஒரு ஆளா நிண்டு வழக்காடி வெண்ட கதை அது. வெண்டு வந்த சாமியை என்ன செய்தவை? திருவாரூர் சிலைப் பாதுகாப்பு மையத்தில பூட்டி வைச்சவை. களவு போகும் எண்ட பயம் நியாயம்தான். ஆனா அந்த ஊர்க் கோயிலுக்கு ஒரு நல்ல கதவும், காவல்காரனுக்குச் சம்பளமும், ஒரு நேரப் பூசைக்கு எண்ணெயும் குடுக்க ஏலாத அரசாங்கம், "எங்கட கலைச் செல்வம் திரும்பி வந்திட்டுது" எண்டு படம் எடுக்கிறதில மட்டும் முன்னுக்கு நிக்கக் கூடாது. செல்வம் திரும்பி வந்தது. சாமி இன்னும் தடுப்பு முகாமிலதான். தடுப்பு முகாம் எண்டால் என்ன எண்டு எனக்குச் சொல்லித் தரத் தேவையில்லை.

கலண்டரைக் குப்பை எண்டுறவை இன்னொண்டையும் மறக்கினம். கோயிலுக்குள்ள விடாத சனத்துக்குச் சாமி முகம் எங்கால தெரிஞ்சது? 1968 இல மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில, உள்ள போகக் கேட்டுச் சத்தியாக்கிரகம் இருந்த சனத்தை மறிச்சு நிண்டது வேற நாட்டுக்காரர் இல்லை, நாங்கள் தான். எங்கட ஊர்க் கோயிலிலயும் (பேர் வேண்டாம்) அம்மம்மா கனகாலம் வெளிமதிலோட நிண்டு கும்பிட்டவ. மூலஸ்தானத்தை அவ கண்டது கிழவியான பிறகுதான். அதுவரைக்கும் அவவின்ர முருகன் கடைக்காரர் வருசப்பிறப்புக்குக் குடுத்த கலண்டர்தான். அச்சு மெசின் சாதி கேக்கேல்லை. உங்கட கருங்கல் கோபுரம் கேட்டது.

இப்ப பஹ்ரைனுக்குத் திரும்பி வாறன். 2020 ஓகஸ்டில மனாமாவில, ஜுஃபைர் பக்கம் ஒரு கடையில, சதுர்த்திக்கு விக்க வைச்சிருந்த பிள்ளையார் சிலையளை ஒரு பெண் ஒவ்வொண்டா எடுத்து நிலத்தில அடிச்சு உடைச்ச வீடியோ வந்தது. ஈசா டவுனில இப்பவும் இருக்கிற பழைய அறைக் கூட்டாளிதான் எனக்கு அனுப்பினவன். ரெண்டு விதமான கதை கேட்டன். ஒண்டு, "பிரதிட்டை செய்யாத சிலை, வெறும் மண்தானே, என்னத்துக்குக் கத்துறியள்?" மற்றது, அந்த நாட்டையே எரிக்கவேணும் எண்ட மாதிரிக் கூச்சல்.

ரெண்டும் பிழை. பிரதிட்டை எண்டால் என்ன எண்டு முதல் கட்சிக்கு விளங்கேல்லை. அம்மா சாணியில ஒரு உருண்டை பிடிச்சு அறுகம்புல்லைக் குத்தினால் பிள்ளையார். பூசை முடிய அது திரும்பவும் சாணி. இடையில இருந்த அந்த நேரம் பொய்யில்லை. கடைத் தட்டில இருந்த அந்த மண் பிள்ளையார் ஆரோ ஒரு தொழிலாளியின்ர கைக்காகக் காத்திருந்தவர். உடைஞ்சது அந்தக் கை. கூச்சல் போட்ட கட்சிக்குச் சொல்லுறது வேற. பஹ்ரைன் பொலிஸ் அந்தப் பெண்ணை உடனயே கூப்பிட்டது. பொருளைச் சேதமாக்கினது, மத அடையாளத்தை அவமதிச்சது எண்டு அரச வழக்குத் தொடுநர் குற்றம் சாட்டினவை. முஸ்லிம் நாட்டுச் சட்டம் கடைத் தட்டில இருந்த பிள்ளையாருக்காக வந்து நிண்டது. எங்கட அம்மம்மா மதிலோட நிக்கேக்கை எங்கட சைவ ஊர் அவவுக்காக வரேல்லை. அதை நினைச்சுப்போட்டுக் கத்துங்கோ.

ஐயா, கடைசியா உங்களுக்கு. கும்பாபிசேகத்துக்கு முதல், திருப்பணி முடியும் வரைக்கும் பாலஸ்தாபனம் செய்வினம். பல கோயில்களில மூலவரை எங்க எழுந்தருளப் பண்ணுறவை? ஒரு மரப்பலகையில கீறின படத்தில. அந்த நாள் முழுக்க அந்தப் படத்துக்குத்தான் தீபம், அதுக்கு முன்னாலதான் நீங்களும் விழுந்து கும்பிடுறது. அப்ப அது படம் எண்டு உங்களுக்குத் தோன்றேல்லை.

நடராசர் வாங்கச் சொன்னியள். வாங்கலாம், காசு பிரச்சினை இல்லை. ஆனா ஹோலுக்கு வடிவு எண்டு வாங்கினால் அவருக்கு ஆர் பூ வைக்கிறது? ஜெனீவாவில சேர்ன் ஆராய்ச்சி நிலையத்தில இந்திய அரசாங்கம் 2004 இல குடுத்த ரெண்டு மீற்றர் நடராசர் நிக்கிறார். நானும் போய்ப் பார்த்தனான். வாற எல்லாரும் படம் எடுத்தவை. நான் மட்டும் பழக்கதோசத்தில கையைக் கூப்பிப்போட்டு, வெக்கத்தில எடுத்திட்டன். அந்த வெக்கத்தை என்ர வீட்டுக்குள்ள கொண்டுவர எனக்கு விருப்பமில்லை.

ஈசா டவுனில இருந்து இங்க வரேக்கை அந்தப் படத்தை நாலா மடிச்சு உடுப்புக்குள்ள வைச்சுக் கொண்டுவந்தனான். அந்த மடிப்புத்தான் முருகன்ர நெஞ்சுக்குக் குறுக்கால இப்ப கிழிஞ்சு போயிருக்கு. பின்பக்கம் ஒரு ரேப் ஒட்டியிருக்கிறன். நேற்றும் அதுக்குத்தான் விளக்கு வைச்சது.