ஊரில் இல்லாதவன் நிலம் கேட்பாரற்ற நிலமா?



சாலை வேண்டாம், ரயில் வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. அவற்றைக் கட்டுகிற கைகளே நம்முடையவைதாம். பெங்களூரின் மேம்பாலங்களுக்குக் கம்பி கட்டியவர்கள் நாம். கலவை சுமந்தவர்கள் நம் வீட்டுப் பெண்கள். நாம் கேட்பது ஒன்றுதான்: வளர்ச்சி என்று சொல்லி நிலத்தை எடுக்கும்போது, நிலத்துக்குரியவனுக்குச் சேரவேண்டியது முழுதாகச் சேருகிறதா? பிழைப்புத் தேடி வெளியூர் போனவனிடம் ஒரு வார்த்தை கேட்கப்படுகிறதா?

நம்மில் பலருக்கு ஊரில் மிஞ்சியிருப்பது அரை ஏக்கரோ ஒரு ஏக்கரோதான். மகள் கல்யாணத்துக்கும், உடம்பு தளர்ந்து ஊர் திரும்பும் காலத்துக்கும் அதுதான் காப்பு. பட்டா தாத்தா பேரில் கிடக்கிறது. பங்காளிகள் மூன்று பேர். அளவுக்கல் நட அதிகாரி வரும் நாளில் நாம் இங்கே சாரத்தின்மேல் நிற்கிறோம். கிணற்றையும் தென்னையையும் கணக்கில் எழுதச் சொல்ல அங்கே யார் இருக்கிறார்கள்?

1894-இல் வெள்ளையர் ஆட்சி போட்ட நிலமெடுப்புச் சட்டம் சுதந்திரத்துக்குப் பிறகும் 66 ஆண்டுகள் நம் தலைமேல் உட்கார்ந்திருந்தது. 2013-இல் புதுச் சட்டம் நிறைவேறி, 2014 ஜனவரி 1 முதல் அமலுக்கு வந்தது. சந்தை மதிப்பைக் கிராமப்புறத்தில் 1 முதல் 2 வரையுள்ள எண்ணால் பெருக்கவேண்டும். கிணறு, மரம், வீடு ஆகியவற்றின் மதிப்பைச் சேர்க்கவேண்டும். அந்த மொத்தத்துக்குச் சமமாக ஆறுதல் தொகை தரவேண்டும். வெளியூரில் இருப்பவனுக்குத் தபாலில் நோட்டீசு அனுப்பவேண்டும் என்றும் அச்சட்டம் சொல்கிறது.

நல்லது. ஆனால் முன்வாசலில் உரிமையை எழுதிவிட்டுக் கொல்லைவாசலைத் திறந்து வைத்தார்கள். தேசிய நெடுஞ்சாலை, ரயில்வே உள்ளிட்ட 13 சட்டங்களுக்கு விலக்குக் கொடுத்தார்கள். 2015-இல் இழப்பீடு, மறுவாழ்வு விதிகள் மட்டும் அவற்றுக்கும் நீட்டிக்கப்பட்டன. நிலத்தை எடுக்கும் முறை பழையபடியேதான். 1956-ஆம் ஆண்டு நெடுஞ்சாலைச் சட்டப்படி அரசிதழில் அறிவித்து, இரண்டு உள்ளூர்ப் பத்திரிகைகளில் சுருக்கம் போட்டால் போதும். ஆட்சேபணை சொல்ல 21 நாள். திருவண்ணாமலைப் பத்திரிகையின் மூலையில் வந்த சர்வே எண்ணைப் பெங்களூர்த் தகரக் கொட்டகையில் இருப்பவன் எப்படிப் பார்ப்பான்?

இது வீண் பயமல்ல. சென்னை–சேலம் எட்டுவழிச் சாலையை எண்ணிப் பாருங்கள். 277 கிலோமீட்டர், ஐந்து மாவட்டங்கள். நிலத்தை எடுத்து முடிக்கும் முன்பே வருவாய்ப் பதிவேட்டில் உரிமையாளர் பேரை மாற்றினார்கள். 2019 ஏப்ரலில் சென்னை உயர்நீதிமன்றம் நிலமெடுப்பை ரத்து செய்தது. 2020 டிசம்பரில் உச்சநீதிமன்றம் அறிவிப்பு செல்லும் என்றது. ஆனால் பதிவேட்டில் பழைய பேரைத் திரும்ப எழுதவேண்டும் என்பதை அதுவும் ஏற்றது. ஊரில் இருந்து போராடியவர்களுக்கே இந்தக் கதி!

“பணம்தான் தருகிறோமே” என்கிறார்கள். எந்தப் பணம்? வழிகாட்டி மதிப்பு, அல்லது அக்கம்பக்கத்தில் மூன்றாண்டுகளில் பதிவான கிரையங்களில் உயர்ந்த பாதியின் சராசரி, இவற்றில் கூடுதலானதே சந்தை மதிப்பு. பத்திரச் செலவுக்குப் பயந்து விலையைக் குறைத்து எழுதும் நாட்டில் இது உண்மை விலையாகுமா? அடித்தளமே பள்ளத்தில் இருந்தால் எத்தனை மடங்கு பெருக்கி என்ன? நெடுஞ்சாலைத் தொகை போதாது என்றால் நடுவரிடம் போகலாமாம். அந்த நடுவரை நியமிப்பதும் மத்திய அரசே! வழக்காளியே பஞ்சாயத்தாரைத் தேர்ந்தெடுப்பது எந்த ஊர் நியாயம்?

நம் கோரிக்கைகள் மூன்று. எந்தச் சட்டத்தில் நிலம் எடுத்தாலும், வேலை செய்யும் ஊருக்குத் தபாலில் நோட்டீசு வரவேண்டும். அளவை உரிமையாளரோ அவர் அனுப்பும் ஆளோ இருக்கும்போது நடக்கவேண்டும். நடுவர் அரசின் கைக்கு வெளியே இருக்கவேண்டும்.

அதுவரை கையைக் கட்டி உட்காரலாமா? தாத்தா பேரில் உள்ள பட்டாவை இந்தப் பொங்கலுக்கு ஊர் போகும்போதே வாரிசுகள் பேருக்கு மாற்றுங்கள். விலாசத்தைத் தாசில்தாருக்கு எழுதிக் கொடுங்கள். 2013 சட்டப்படி தொகை வாங்கும்போது “ஆட்சேபணையுடன் பெறுகிறேன்” என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். எழுதாமல் வாங்கினால் கூடுதல் கேட்கும் உரிமை போய்விடும். தீர்ப்பின்போது நேரில் இருந்தால் ஆறே வாரத்துக்குள் மனுக் கொடுக்கவேண்டும். இல்லாதவனுக்கு நோட்டீசு கிடைத்து ஆறு வாரம், அல்லது தீர்ப்பிலிருந்து ஆறு மாதம், எது முதலில் முடிகிறதோ அதுவே கெடு.

நோட்டீசு வந்த அன்றே சங்கத்துக்குக் கொண்டு வாருங்கள். தனியாகப் போனால் விரட்டுவார்கள். பத்துப் பேராகப் போனால் நாற்காலி போடுவார்கள்!