கட்டினால் மட்டும் போதுமா?

“வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார்” என்பது நம் முன்னோர் மொழி. கட்டுவது கடினம்தான். ஆனால் கட்டியதைக் காப்பது அதனினும் கடினம். இவ்வுண்மையை அமெரிக்க நகரங்களின் கதை நமக்கு உணர்த்துகிறது.

செல்வம் கொழிக்கும் அந்நாட்டிலும் காற்றும் வெளிச்சமும் புகாத சேரிகள் இருந்தன. ஏழைகளுக்கு அரசின் உதவியால் வீடு கட்டித்தர 1937-இல் சட்டம் இயற்றப்பட்டது. செயின்ட் லூயிஸ் நகரில் 1954 முதல் மக்கள் குடியேறிய புரூயிட்-ஐகோ குடியிருப்பு அதன் பெருமையாகப் பேசப்பட்டது. 11 மாடிகள் கொண்ட 33 கட்டடங்கள்; ஏறத்தாழ 2,870 வீடுகள்!

கட்டுவதற்குப் பணம் தந்த மத்திய அரசு, பராமரிப்புச் செலவை வாடகையிலிருந்தே ஈடுகட்டும்படி விட்டுவிட்டது. வேலைவாய்ப்புகளும் வசதி படைத்தோரும் புறநகர்களை நாடிச் செல்ல, எஞ்சியோர் பெரும்பாலும் ஏழைக் கறுப்பின மக்களே. அவர்களால் எவ்வளவு வாடகை தர இயலும்? லிஃப்ட் நின்றது, குழாய்கள் வெடித்தன, உடைந்த ஜன்னல்கள் உடைந்தபடியே கிடந்தன. வாடகை மட்டும் உயர்ந்தது. உதவித்தொகை பெறும் குடும்பத்தோடு, உழைக்க வலுவுள்ள தந்தை வசிக்கக் கூடாது என்ற கொடிய விதி வேறு! 1969-இல் குடியிருந்தோர் வாடகை தர மறுத்துப் போராடினர். 1972-இல் வெடி வைத்துத் தகர்க்கத் தொடங்கினர். 1976-க்குள் அனைத்தும் தரைமட்டமாயின.

சிகாகோ நகரிலும் இதே கதைதான். குடிபெயர்ந்தோரின் பாதுகாவலியான புனித கப்ரீனி அம்மையாரின் பெயரால் 1942-இல் தொடங்கிய குடியிருப்பின் கடைசி அடுக்குமாடிக் கட்டடம் 2011-இல் இடிக்கப்பட்டது.

“ஏழைகளுக்கு நல்ல வீட்டில் வாழத் தெரியவில்லை” என்று பழித்தோர் பலர். அடுக்குமாடியே குற்றம் என்றோரும் உண்டு. அப்படியானால் நியூயார்க்கில் அரசு கட்டிய அடுக்குமாடிகளில் இன்றும் மூன்று இலட்சம் பேருக்கு மேல் வாழ்வது எவ்வாறு? அந்நகரம் நெடுங்காலம் அவற்றைக் கவனித்துப் பேணியது. பழுது பார்க்கப் பணம் சுருங்கிய பின்னரே அங்கும் கூரை ஒழுகுகிறது, சுவரில் பூஞ்சை படர்கிறது. எனவே பழி ஏழையின் மேலன்று, கட்டிவிட்டுக் கைகழுவியவர் மேலேயே என்பது எம் துணிபு.

அன்புத் தோழியரே! நாளை நம்மில் சிலர் பொறியாளராகலாம், சிலர் அதிகாரிகளாகலாம். அன்று திறப்பு விழாக் கல்வெட்டில் பெயர் பொறிப்பதோடு நின்றுவிடாமல், பத்து ஆண்டுகள் கழித்தும் அவ்வீட்டுக் குழாயில் தண்ணீர் வருகிறதா என்று போய்ப் பார்ப்போமாக!