வில்லனுக்கும் ஒரு விருது

1952இல் வெளியான ‘தாய் உள்ளம்’ படத்தில் கதாநாயகன் ஆர்.எஸ். மனோகர், வில்லன் ஜெமினி கணேசன். இன்றைய இளைஞரிடம் சொன்னால் பெயர்கள் இடம் மாறிவிட்டன என்றுதான் நினைப்பார். பிறகு ஜெமினி காதல் மன்னனானார். மனோகர் கதாநாயகனிடம் அடி வாங்கும் வேலைக்கு வந்து சேர்ந்தார்.

அந்த வேலையை அவருக்கு ஓயாமல் கொடுத்த இடங்களில் ஒன்று சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ். புதுச்சேரிக்காரர்களுக்கு அந்தப் பெயர் புதிதல்ல. பாரதிதாசனின் ‘எதிர்பாராத முத்தம்’ அங்கேதான் ‘பொன்முடி’யாகப் (1950) படமானது, ‘வளையாபதி’க்கு (1952) வசனம் எழுதியவரும் அவரே. அறுபதுகளில் காவியமெல்லாம் ஓய்ந்து, அதே நிறுவனம் சிக்கனச் செலவில் துப்பறியும் படங்களாக எடுத்துத் தள்ளியது. ‘வல்லவன் ஒருவன்’ (1966) ஒரு பிரெஞ்சு உளவுப் படத்தின் தழுவல் என்பது நம்மூர் வாசகருக்குக் கூடுதல் ருசி.

இவையெல்லாம் நல்ல படங்களா? சிலவற்றின் கதையைக் கண்டுபிடிக்கவே தனியாக ஒரு துப்பறிவாளர் வேண்டும். ஆனால் பிரம்மாண்ட அரங்கத்துக்குப் பணம் இல்லாத படத்தில் ஆபத்து என்ற ஒன்றைப் பார்வையாளருக்கு நம்ப வைப்பது யார்? எதிரில் நிற்கிற நடிகர்தான். ‘வண்ணக்கிளி’யில் (1959) மிரட்டும் முரடனாகவும், ‘கைதி கண்ணாயிர’த்தில் (1960) கைதியாகவும், ‘இரு வல்லவர்க’ளில் (1966) ஜெய்சங்கருக்கு ஈடான இன்னொரு வல்லவனாகவும் மனோகர் அதைச் செய்துகாட்டினார். மேடையில் பழகிய குரல். கடைசி வரிசை வரை கேட்க வேண்டும் என்று பயின்ற உச்சரிப்பு.

சினிமா கொடுக்காததை அவர் மேடையில் எடுத்துக்கொண்டார். அவருடைய நேஷனல் தியேட்டர்ஸ் குழுவின் ‘இலங்கேஸ்வர’னில் ராவணன்தான் நாயகன். சூரபத்மன், சிசுபாலன், நரகாசுரன் என்று புராணத்தில் தோற்றவர்களுக்கெல்லாம் தலைப்பிலேயே இடம் கொடுத்தார். தந்திரக் காட்சிகளைப் பார்க்கவே கூட்டம் கூடியது. ‘நாடகக் காவலர்’ என்ற பட்டம் சும்மா வரவில்லை. 2006 ஜனவரியில் மறைந்தார்.

புதுச்சேரி அரசு சிறந்த படத்துக்கு வழங்கும் விருது சங்கரதாஸ் சுவாமிகள் பெயரில் இருக்கிறது. 1922இல் இந்த ஊரில்தான் அவர் மறைந்தார், சமாதி கருவடிக்குப்பத்தில். நாடகத் தலைமையாசிரியர் என்று போற்றப்படும் அவர், நடிகராக ஏற்ற வேடங்கள் எவை? ராவணன், இரணியன், எமன்! அப்படிப்பட்டவர் பெயரிலான விருதை வாங்க இயக்குநர் மட்டும் மேடையேறுவது பொருத்தமாகப் படவில்லை. குணச்சித்திர நடிகர், வில்லன், அடியாள் என்று காலமெல்லாம் இரண்டாம் வரிசையில் நின்றவர்களுக்காக ஆண்டுக்கு ஒரு பரிசை அதனுடன் சேர்க்கலாம். சின்னப் படம், மசாலாப் படம் என்று தேர்வுக்குழு ஒதுக்கக் கூடாது என்பதையும் விதியிலேயே எழுதிவிட வேண்டும். விழாவில் ‘கைதி கண்ணாயிரம்’ ஒரு மாலைக்காட்சி போட்டால் பெரியவர்கள் கூட்டமாக வருவார்கள், பேரப்பிள்ளைகளையும் இழுத்துக்கொண்டு.