ஷேர்டு லைப்ரரி: பழி ஓரிடம், பாவம் ஓரிடம்

பில்ட் சர்வர்களைக் கட்டி மேய்ப்பவர்களிடையே ஒரு வாதம் வேரூன்றிவிட்டது: "ஷேர்டு லைப்ரரி என்பது ஹார்ட் டிஸ்க் விலை அதிகமாக இருந்த காலத்துச் சிக்கனம். இன்று எல்லாவற்றையும் ஸ்டாட்டிக்காக ஒரே பைனரிக்குள் அடைத்துவிட்டால் தலைவலி விட்டது." இதற்குச் சொல்லப்படும் காரணங்கள் மூன்று.

முதலாவது, டிஸ்க் மலிந்துவிட்டதாம். மலிந்தது உண்மைதான். ஆனால் ஷேர்டு லைப்ரரியின் பெரிய லாபம் இடம் மிச்சமாவதில் இல்லை. பழுது பார்ப்பதில் இருக்கிறது. 2014 ஏப்ரலில் ஓப்பன்எஸ்எஸ்எல்லில் ஹார்ட்ப்ளீட் ஓட்டை வெளிவந்தது. பொது லைப்ரரியை நம்பியிருந்த லினக்ஸ் சர்வர்களில் அந்த ஒரு பேக்கேஜைப் புதுப்பித்து, சர்வீஸ்களை ரீஸ்டார்ட் செய்ததும் ஓட்டை அடைபட்டது. 2002இல் தரவுச் சுருக்க லைப்ரரியான இசட்லிப்பில் நினைவகப் பிழை தெரியவந்தபோதோ, அதன் கோடைத் தமக்குள் நகலெடுத்து வைத்திருந்த மென்பொருள்களை ஒவ்வொன்றாகத் தேடிப்பிடித்துத் திருத்த வேண்டியிருந்தது.

இரண்டாவது, வெர்ஷன் மோதலாம். டெபியன் 12இல் இசட்லிப்பின் கோப்புகளைப் பாருங்கள். லிப்இசட்.எஸ்ஓ, லிப்இசட்.எஸ்ஓ.1, லிப்இசட்.எஸ்ஓ.1.2.13 என மூன்று பெயர்கள். முதல் பெயர் பில்டின்போது லிங்கருக்கு மட்டும் தேவை. அதனால் டெவ் பேக்கேஜில்தான் வரும். நடுப்பெயர் பைனரிக்குள் எழுதப்படுகிறது; நிரல் ஓடத் தொடங்கும்போது லோடர் தேடுவது அதைத்தான். கடைசிப் பெயரே உண்மையான கோப்பு. சிறு திருத்தம் வந்தால் கடைசிக் கோப்பு மாறும், நடுப்பெயர் புதியதைச் சுட்டும், எதையும் மறுபடி பில்ட் செய்ய வேண்டாம். பழைய நிரல்கள் உடையும்படி மாற்றினால் நடுப்பெயரின் எண்ணை 2 ஆக்க வேண்டும். அதை ஏற்றாமல் உடைப்பவர்கள்தான் மோதலை உண்டாக்குகிறார்கள்.

'ஜிலிப்சி 2.34 கிடைக்கவில்லை' என்று சி லைப்ரரியைப் பற்றி வரும் பிழைச்செய்திக்கும் ஷேர்டு முறை காரணமல்ல. நிரல் ஓடும் மெஷினைவிடப் புதிய மெஷினில் பில்ட் செய்ததன் விளைவு அது. பைத்தானின் மெனிலினக்ஸ்2014 பேக்கேஜ்களை ஜிலிப்சி 2.17 கொண்ட சென்ட்ஓஎஸ் 7இல் பில்ட் செய்யும் வழக்கம் இதற்காகத்தான் வந்தது.

மூன்றாவது, எக்ஸ்இசட் என்ற சுருக்க மென்பொருளின் விவகாரம். 2024 மார்ச் 29 அன்று மென்பொருள் பொறியாளர் ஆண்ட்ரெஸ் ஃப்ராய்ண்ட் அம்பலப்படுத்திய கள்ளக்கதவு, லிப்சிஸ்டம்டி இழுத்துவந்த எக்ஸ்இசட் லைப்ரரி வழியாக எஸ்எஸ்எச் சர்வருக்குள் புகுந்தது. தேவையில்லாத லைப்ரரிகள் சங்கிலியாக வந்து ஒட்டிக்கொள்வது ஷேர்டு முறையின் மெய்யான குறை, ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். ஆனால் விஷத்தைக் கிளப்பிவிட்டது எம்4 ஸ்கிரிப்ட் ஒன்று. கிட் களஞ்சியத்தில் அது இல்லை; வெளியீட்டு டார்பாலில் மட்டும் இருந்தது. அதே டார்பாலிலிருந்து ஸ்டாட்டிக் லைப்ரரி எடுப்பவரும் அதே ஸ்கிரிப்டைத்தான் ஓட்டுகிறார். டார்பாலையும் களஞ்சியத்தையும் ஒப்பிட்டுப் பார்க்காத பில்டுக்கு லிங்க் முறை காவலாகாது. டெபியனின் சோதனைப் பதிப்புகள் மீண்டதும் அந்த ஒரு லைப்ரரியைப் பழைய வெர்ஷனுக்குத் திருப்பியதால்தான்.

கோ மொழியில் எழுதிய சிறு கருவிக்கு ஒற்றை பைனரி வசதிதான். அதை யாரும் மறுக்கவில்லை. ஆனால் ஸ்டாட்டிக்கைத் தேர்ந்தெடுப்பவர், எந்த பைனரிக்குள் எந்த லைப்ரரியின் எந்த வெர்ஷன் இருக்கிறது என்ற பட்டியலை ஒவ்வொரு பில்டிலும் எழுதிவைக்க வேண்டும். டிஸ்ட்ரோவின் பேக்கேஜ் மேனேஜர் இதுவரை சும்மா செய்துகொடுத்த வேலை அது.