கூட்டலை வெறுப்பவர்களுக்கு

கணக்கு நுழையும் இடத்திலிருந்து கற்பனை வெளியேறிவிடும் என்றொரு கருத்து இலக்கிய வட்டாரங்களில் நெடுங்காலமாக உலவி வருகிறது. ‘டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ்’ போன்ற பாத்திரமேற்று ஆடும் மேசை விளையாட்டுகளைப் பற்றிப் பேச்செடுக்கும்போதெல்லாம் இக்கருத்து எங்கள் முன் வந்து நிற்கிறது. “கதையாகச் சொன்னால் கேட்கலாம், ஒரு வாள்வீச்சுக்கு நான்கு எண்களைக் கூட்டிக்கொண்டிருப்பதில் என்ன கலை இருக்கிறது?” என்று கேட்கிறார்கள். வெளியார் மட்டும் இப்படிச் சொன்னால் புன்னகையோடு கடந்து போயிருப்போம். இந்த ஆட்டத்தை ஆடுகிறவர்களே இன்று அதைச் சொல்கிறார்கள் என்பதால்தான் எழுத வேண்டியதாயிற்று. தாக்குதல் போனஸைக் கூட்டும் வேலை கதைக்கு இடையூறு அன்று. அந்த ஆட்டத்தில் கதை எழுதப்படும் வரிகளுள் அதுவும் ஒன்று. இதுவே எங்கள் தரப்பு.

அறியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறோம். ஒரு பாத்திரம் எதிரியைத் தாக்கும்போது இருபது முகப் பகடை ஒன்றை உருட்டுகிறோம். விழுந்த எண்ணுடன் அப்பாத்திரத்தின் தாக்குதல் போனஸைக் கூட்டுகிறோம். கூட்டுத்தொகை எதிரியின் கவச எண்ணைத் தொட்டாலோ தாண்டினாலோ அடி விழும். இல்லையேல் வாள் காற்றைக் கிழிக்கும். ஒரு போனஸ் புள்ளி என்பது இருபதில் ஒரு பங்கு, அதாவது நூற்றுக்கு ஐந்து வாய்ப்பு. விதி இவ்வளவுதான்.

இந்த எளிமை தொடக்கத்தில் இருந்ததில்லை. 1974இல் கேரி கைகாக்ஸும் டேவ் ஆர்னெசனும் இந்த ஆட்டத்தை வெளியிட்டபோது, எந்தக் கவசத்துக்கு எந்த எண் விழ வேண்டும் என்பதை அட்டவணையைப் பார்த்தே அறிய வேண்டியிருந்தது. பின்வந்த ‘அட்வான்ஸ்டு’ வடிவத்தில் அந்த அட்டவணைகள் 1979இல் வெளியான நடுவர் நூலில் இடம்பெற்றன; ஆட்டக்காரர்களுக்கான நூலில் அவை இல்லை. வாள் ஏந்துபவன் ஒருவன், அவன் வாளின் கணக்கை அறிந்தவன் வேறொருவன். 1989இன் இரண்டாம் பதிப்பு ‘தாக்கோ’ என்ற எண்ணை ஆட்டக்காரரின் கையில் கொடுத்தது. ஆனால் அதில் கவசம் வலுவாக வலுவாக அதன் எண் குறைந்துகொண்டே போகும். கூட்ட வேண்டிய இடத்தில் கழிக்க வேண்டும். 2000இல் வந்த மூன்றாம் பதிப்புதான் இந்தத் தலைகீழ்க் கணக்கை நிமிர்த்தியது. கவசம் வலுத்தால் எண் ஏறும். தாக்குபவர் கூட்டினால் போதும். கணக்கு முழுவதும் ஆட்டக்காரரின் தாளுக்கு வந்து சேர்ந்தது. இதை வெறும் வசதியாக நாங்கள் பார்க்கவில்லை. தன் பாத்திரம் ஏன் வென்றது, ஏன் தோற்றது என்பதை நடுவரின் தயவின்றி அறியும் உரிமையாகப் பார்க்கிறோம்.

அந்தக் கூட்டலுக்குள் என்ன இருக்கிறது? 2003இல் திருத்தப்பட்ட மூன்றரைப் பதிப்பின் ஆறாம் நிலைப் போர்வீரன் ஒருவனை எடுத்துக்கொள்வோம். அடிப்படைத் தாக்குதல் போனஸ் 6. உடல்வலு 16 என்பதால் 3. ஒரே வகை வாளில் தனிப்பயிற்சி பெற்றமையால் 1. வாள் மந்திரமேற்றியது என்பதால் 1. மொத்தம் 11. எதிரியின் கவச எண் 22 எனில், பகடையில் 11 அல்லது அதற்கு மேல் விழ வேண்டும்; சரிபாதி வாய்ப்பு. இனி அவன் மேட்டில் ஏறி நிற்கிறான்: 1. தோழன் எதிரியின் மறுபக்கம் சுற்றி வந்து நிற்கிறான்: 2. பின்னால் பாணன் ஊக்கப்பாடல் பாடுகிறான்: 1. போனஸ் 15 ஆகிறது. இப்போது 7 விழுந்தால் போதும். வாய்ப்பு நூற்றுக்கு எழுபது.

இந்த வரிசையை இன்னொருமுறை வாசித்துப் பாருங்கள். கழிந்த ஆண்டுகளின் பயிற்சி, பிறவி உடல், ஒரு கொல்லனின் உழைப்பு, நிற்கும் நிலம், நட்பு, பாட்டு. ஒவ்வோர் எண்ணுக்கும் ஒரு பெயர் இருக்கிறது. அடி விழுந்த பின், பகடையில் விழுந்தது 10 என்று தெரிந்தால், நண்பன் மறுபக்கம் நில்லாதிருந்தாலும் பட்டிருக்கும், அவனும் பாணனும் மேடும் சேர்ந்து இல்லாதிருந்தால் பட்டிருக்காது என்று துல்லியமாகச் சொல்லிவிடலாம். நன்றி யாருக்கு உரியது என்பதைக் கணக்கு சொல்கிறது. இதைவிடச் சிக்கனமான கதைகூறலை எங்களுக்குக் காட்டுங்கள்.

அப்பதிப்பின் இன்னொரு விதியும் கவனத்துக்குரியது. ஒரே வகையைச் சேர்ந்த போனஸ்கள் பொதுவாக ஒன்றோடொன்று சேரா. பாணனின் பாட்டும் பூசாரியின் ஆசி மந்திரமும் மனவூக்கம் என்ற ஒரே வகையைச் சேர்ந்தவை. இரண்டும் இருந்தாலும் பெரியது மட்டுமே கணக்கில் வரும். ஏற்கெனவே நிறைந்த நெஞ்சில் மேலும் தைரியத்தை ஊற்ற முடியாது என்பதை ஒரு கூட்டல் விதி சொல்லிவிடுகிறது.

இனி மறுதரப்பு. 2014இல் வந்த ஐந்தாம் பதிப்பு இவற்றில் பெரும்பாலானவற்றைத் துடைத்தெறிந்தது. பயிற்சிக்குத் தேர்ச்சி போனஸ் ஒன்றே. முதல் நிலையில் 2, இருபதாம் நிலையில் 6. எல்லா வகைப் பாத்திரங்களுக்கும் ஒரே அளவு. மூன்றாம் பதிப்பில் இருபதாம் நிலைப் போர்வீரனின் அடிப்படை போனஸ் 20, மந்திரவாதியுடையது 10. ஐந்தாம் பதிப்பில் இருவருக்கும் 6. வாழ்நாளெல்லாம் வாளோடு கழித்தவனும் சுவடிகளோடு கழித்தவனும் ஆளுக்கொரு கட்டாரியை எடுத்தால், உடல்திறன் சமமாக இருக்கும்வரை இலக்கில் படும் வாய்ப்பும் ஏறத்தாழச் சமம். போர்வீரனுக்குக் கூடுதல் வீச்சுகள் உண்டு என்று பதில் வரும். உண்டுதான். ஆனால் ‘பலமுறை வீசுகிறான்’ என்பதும் ‘நன்றாக வீசுகிறான்’ என்பதும் ஒரே வாக்கியம் ஆகா.

சூழலுக்கு வருவோம். சின்னச் சின்ன போனஸ்கள் பலவற்றின் இடத்தில் ‘சாதகம்’ வந்தது: இரண்டு பகடை உருட்டி உயர்ந்ததை எடுத்துக்கொள்வது. அழகான விதி என்பதை மறுக்கவில்லை. 11 தேவைப்படும் இடத்தில் வாய்ப்பை ஐம்பதிலிருந்து எழுபத்தைந்துக்கு அது உயர்த்துகிறது. ஆனால் சாதகத்துக்குக் காரணங்கள் மூன்று இருந்தாலும் பகடை இரண்டுதான். ஒரே ஒரு பாதகம் வந்தால் அத்தனை சாதகங்களும் ரத்து. எதிரி கட்டுண்டு, குருடாகி, காலடியில் விழுந்து கிடக்கிறான். தாக்குபவனின் உடலில் சிறிது நஞ்சு ஏறியிருக்கிறது. விதியின்படி இது இருவரும் நேர்நின்று மோதும் சாதாரணச் சண்டை. மூன்று காரணங்களை ஒரு காரணம் விழுங்கிவிட்டது. இதை ‘கதைக்கு வழிவிடும் எளிமை’ என்று கொண்டாடுவோர், எந்தக் கதைக்கு என்றும் சொல்ல வேண்டும்.

நியாயமாக ஒன்றை ஒப்புக்கொள்கிறோம். மூன்றாம் பதிப்பின் எண்கள் ஏறிக்கொண்டே போய் எதிரிகளைப் பொருளற்றவர்களாக்கின. அதில் சாதாரண கோப்ளினின் தாக்குதல் போனஸ் 2. கவச எண் 30 கொண்ட வீரனை அது தொட வேண்டுமானால் பகடையில் 20 விழ வேண்டும், நூற்றுக்கு ஐந்து. ஐந்தாம் பதிப்பிலோ 4 போனஸ் கொண்ட கோப்ளின், முழு உலோகக் கவசமும் கேடயமும் தரித்த, கவச எண் 20 கொண்ட வீரனையும் நான்கில் ஒருமுறை தொடும். கூட்டமாக வந்தால் பெருவீரனும் அஞ்ச வேண்டும். இது நல்ல கதைக்கு உதவும் திருத்தமே. வகைவகையான போனஸ்களைத் துணைநூல்களில் தேடிப் பொறுக்கி அடுக்குவதையே ஆட்டமாக்கிக்கொண்டவர்களும் அக்காலத்தில் இருந்தார்கள். அவர்கள் பக்கம் நாங்கள் இல்லை.

ஆயினும் எண்கள் பெருத்துவிட்டன என்பதற்கு மருந்து எண்களைச் சிறிதாக்குவது. எண்களின் பெயர்களை அழிப்பது மருந்தாகாது. மேட்டுக்கு 1, நண்பனுக்கு 2 என்று கூட்ட ஐந்து விநாடி ஆகும். அந்த ஐந்து விநாடியில் மேசையில் உள்ளவர்கள் யார் எங்கே நிற்கிறார்கள், யார் யாருக்கு உதவுகிறார்கள் என்று பார்க்கிறார்கள். வெண்பாவின் தளை கவிஞனைச் சொல்லின் எடையைப் பார்க்க வைப்பதுபோல, இந்தக் கூட்டல் ஆட்டக்காரரைத் தன் சூழலைப் பார்க்க வைக்கிறது.

“விதி எதற்கு, நடுவர் சொல்வதே போதும்” என்பவர்களிடம் கடைசியாக ஒன்று. நல்ல நடுவர் வாய்த்தால் போதும்தான். வாய்க்காத மேசையில், கூச்ச சுபாவமுள்ள புதிய ஆட்டக்காரர் ஒருவருக்குத் துணை நிற்பது அவர் தாளில் எழுதியிருக்கும் எண் மட்டுமே. உரக்கப் பேசுபவரின் வாளும் மெல்லப் பேசுபவரின் வாளும் ஒரே விதிக்குக் கட்டுப்பட்டவை என்பதற்கு வேறு பிணை கிடையாது. அந்தத் தாளை அவர் கையிலிருந்து பிடுங்காதீர்கள்.