‘ஜூன்ல இருந்து வர வேண்டாம்’: தனியார் பள்ளி ஆசிரியரை நினைத்தபடி நீக்க முடியுமா?

தேர்வு முடிந்து, விடைத்தாள் திருத்தி, பிராக்ரஸ் கார்டும் எழுதிக் கொடுத்தாயிற்று. அதன் பிறகு தாளாளர் அறையிலிருந்து அழைப்பு வருகிறது. “ஜூன்ல இருந்து நீங்க வர வேண்டாம் மிஸ். ஒரு ரிசைன் லெட்டர் எழுதிக் கொடுத்துட்டுப் போங்க.” நோட்டீஸ் இல்லை, விசாரணை இல்லை. பல தனியார் பள்ளிகளில் வேலைநீக்கம் இப்படித்தான் நடக்கிறது. இதைத் தடுக்கச் சட்டம் இருக்கிறது. ஆனால் பலரும் முதலில் தேடிப் போகும் இடத்தில் அது இல்லை.

லேபர் கோர்ட்டுக்குப் போகலாமா?

முடியாது. அதே பள்ளியின் பேருந்து ஓட்டுநருக்குத் தொழிலாளர் சட்டத்தில் வழி உண்டு, ஆசிரியருக்கு இல்லை. கோவாவில் 1975-இல் வேலைநீக்கம் செய்யப்பட்ட ஓர் ஆசிரியையின் வழக்கில் (சுந்தராம்பாள் எதிர் கோவா அரசு) உச்ச நீதிமன்றம் 1988-இல் இதை முடிவு செய்தது. பள்ளிக்கூடம் ‘தொழில்’ என்ற வரையறைக்குள் வரும். ஆனால் ஆசிரியர் ‘தொழிலாளி’ அல்ல என்பதே தீர்ப்பு. கற்பித்தல் உடலுழைப்போ, எழுத்தர் வேலையோ, தொழில்நுட்ப வேலையோ, மேற்பார்வை வேலையோ அல்ல, அது ஒரு மேன்மையான பணி என்றது நீதிமன்றம். பெருமையான வார்த்தைதான். ஆனால் அந்தப் பெருமையோடு தொழில் தகராறுச் சட்டத்தின் பாதுகாப்பும் கை நழுவியது. 2020-இல் நிறைவேறிய தொழில் உறவுகள் சட்டத்தொகுப்பிலும் கற்பித்தல் அந்த வரையறையில் இல்லை.

சரி, அப்போ பாதுகாப்பு எங்கே?

அரசுப் பள்ளி ஆசிரியருக்கு அரசமைப்புச் சட்டத்தின் 311-ஆவது பிரிவு காவல்: குற்றச்சாட்டைத் தெரிவித்து, விளக்கம் கேட்டு, விசாரித்த பிறகே நீக்க முடியும். தனியார் பள்ளி ஆசிரியருக்கு இருப்பது அந்தந்த மாநிலத்தின் பள்ளிக் கல்விச் சட்டம்தான்.

டெல்லியின் 1973-ஆம் ஆண்டுச் சட்டம், கல்வி இயக்குநரின் முன் அனுமதி இல்லாமல் ஊழியரை நீக்கக்கூடாது என்கிறது. நீக்கினால் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்யலாம். மகாராஷ்டிரத்தின் 1977-ஆம் ஆண்டுச் சட்டப்படி இதற்கெனவே பள்ளித் தீர்ப்பாயங்கள் உள்ளன. தமிழ்நாட்டின் 1973-ஆம் ஆண்டுத் தனியார் பள்ளிகள் சட்டமும் நீக்கத்துக்கு முன் அனுமதி கேட்டது. சஸ்பென்ஷனுக்கும் கால வரம்பு வைத்தது. இப்போது அதன் இடத்தில் 2018-இல் இயற்றப்பட்ட சட்டம் இருக்கிறது. எனவே நீக்கப்பட்ட தேதியில் எந்தச் சட்டம் நடப்பில் இருந்தது என்பதை முதலில் பார்க்க வேண்டும்.

அரசு உதவி பெறாத பள்ளி என்றால்?

நிர்வாகங்கள் வழக்கமாகச் சொல்வது, “நாங்க அரசு பணம் வாங்கல; எங்களை யாரும் கேட்க முடியாது” என்பது. இதற்கு அவர்கள் காட்டுவது 2002-ஆம் ஆண்டின் டி.எம்.ஏ. பாய் தீர்ப்பு. உதவி பெறாத நிறுவனங்கள் நடவடிக்கை எடுக்க அரசின் முன் அனுமதி தேவையில்லை என்று 11 நீதிபதிகள் அமர்வு சொன்னது உண்மை. ஆனால் அதே தீர்ப்பு, உள்விசாரணை நடத்தியே தண்டிக்க வேண்டும் என்றும், பாதிக்கப்பட்டவர் முறையிட மாவட்ட நீதிபதி தலைமையில் தீர்ப்பாயம் வேண்டும் என்றும் சொன்னது. 2016-இல் டெல்லிப் பள்ளி ஓட்டுநர் ஒருவரின் வழக்கில், உதவி பெறாத பள்ளிக்கும் முன் அனுமதி விதி பொருந்தும் என்றது உச்ச நீதிமன்றம்.

சிறுபான்மையினர் பள்ளிகள் விஷயம் சற்று வேறு. முன் அனுமதி விதி அவற்றுக்குப் பொருந்தாது. ஆனால் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்யும் உரிமை ஊழியருக்கு உண்டு என்று 1986-இல் பிராங்க் ஆண்டனி பள்ளி வழக்கில் தீர்ப்பானது.

ஹைகோர்ட்டில் ரிட் போட்டால்?

எப்போதும் எடுபடாது. பணி நிபந்தனைகளைச் சட்டம் கட்டுப்படுத்தாத இடத்தில், உதவி பெறாத பள்ளிக்கும் ஊழியருக்கும் இடையில் இருப்பது வெறும் ஒப்பந்தம்தான். அதற்கு ரிட் கிடையாது என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. அப்போது சிவில் வழக்குதான் மிச்சம். அதில் இழப்பீடு கிடைக்கலாம். வேலை திரும்பக் கிடைப்பது அரிது. மாநிலச் சட்டம் வலுவாக இருக்க வேண்டியதன் அவசியம் இங்கேதான் தெரிகிறது.

ஜெயித்தால் என்ன கிடைக்கும்?

ஔரங்காபாத் தொடக்கப் பள்ளி ஆசிரியை ஒருவர் நீக்கப்பட்டார். 2009-இல் பள்ளித் தீர்ப்பாயம் அவரை முழுச் சம்பள பாக்கியோடு திரும்பச் சேர்க்க உத்தரவிட்டது. சம்பள பாக்கியை உயர் நீதிமன்றம் மறுத்தது. 2013-இல் உச்ச நீதிமன்றம் அதை மீட்டுத் தந்தது. தவறான நீக்கம் என்றால் பாக்கிச் சம்பளத்தோடு மீண்டும் வேலை என்பதே பொது விதி. இடைப்பட்ட காலத்தில் அவர் வேறு வேலையில் சம்பாதித்தார் என்றால் அதை நிர்வாகமே நிரூபிக்க வேண்டும் என்றும் அந்தத் தீர்ப்பு சொன்னது.

ஆசிரியர் கவனிக்க வேண்டியது

தகுதிகாண் பருவத்தில் இருப்பவருக்குப் பாதுகாப்பு குறைவு. ஆனாலும் ஒழுங்கீனம் என்று பழி சுமத்தி, விசாரணையே இல்லாமல் வெளியேற்றினால் அவரும் எதிர்க்கலாம்.

நியமன ஆணை, சம்பளம் வரவான வங்கிக் கணக்கு விவரம், வருகைப் பதிவு, மெமோ, வாட்ஸ்அப் செய்திகள் எல்லாவற்றின் நகலும் கையில் இருக்கட்டும். 5 ஆண்டு பணி முடித்தவருக்குக் கிராஜுவிட்டியும் உண்டு. ஆசிரியர்களை அதில் சேர்த்த 2009-ஆம் ஆண்டுத் திருத்தம் செல்லும் என்று 2022-இல் தீர்ப்பாகிவிட்டது.

எல்லாவற்றிலும் முக்கியம், அந்த ரிசைன் லெட்டர். எழுதிக் கொடுத்துவிட்டால், நிர்வாகம் நீக்கவில்லை, அவராகவே போனார் என்றாகிவிடும். மிரட்டி வாங்கியது என்று பிறகு நிரூபிக்கும் சுமை ஆசிரியர் தலையில் விழும். நாளும் முக்கியம்: மகாராஷ்டிரத்தில் மேல்முறையீட்டுக்கு 30 நாள், டெல்லியில் 3 மாதம். “பேசிப் பார்க்கலாம்” என்று தாளாளர் அறை வாசலில் காத்திருக்கும் வாரங்களும் அந்தக் கணக்கில்தான் கழிகின்றன.