தோட்டாவுக்குக் கணக்குக் கேளுங்கள்

சாயர்புரத்திலிருந்து ஒரு கல்லூரி மாணவர் எழுதியிருக்கிறார். சமீபத்தில் பார்த்த ஒரு படத்தில் ஹீரோ கையில் ஒரு சின்ன ரிவால்வர். இடையில் ஒரு தடவைகூட அதில் தோட்டா போடவில்லை. ஆனால் கிளைமாக்ஸ் முடிவதற்குள் 23 முறை சுட்டுவிட்டாராம். 'நான் எண்ணினேன் சார். பக்கத்து சீட்டுக்காரர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். உண்மையில் ஒரு கைத்துப்பாக்கியில் எத்தனை குண்டு இருக்கும்?' என்று கேட்கிறார்.

ஜி.யு. போப் 1840-களில் பள்ளி நடத்திய ஊர் சாயர்புரம். பிற்பாடு 1330 குறளையும் ஒன்று விடாமல் ஆங்கிலத்தில் கொண்டுபோனவர் அவர். அந்த மண்ணில் எண்ணிப் பார்க்கிற பழக்கம் இன்னும் மிச்சமிருப்பது சந்தோஷமாக இருக்கிறது. மற்ற ஊர்களில் நாம் எண்ணுவதை எப்போதோ நிறுத்திவிட்டோம். தியேட்டரில் நிறுத்தினால் பரவாயில்லை. பேப்பர் படிக்கும்போதும் நிறுத்திவிட்டோம். எனக்கு அதுதான் கவலை.

முதலில் கேள்விக்குப் பதில். ரிவால்வர் என்றால் சுழலும் உருளை. அந்த உருளையில் எத்தனை ஓட்டை போட முடியுமோ அத்தனை தோட்டா. தோட்டா தடிமனாக இருந்தால் ஓட்டை குறையும். மெல்லியதாக இருந்தால் கூடும். உருளையைப் பெரிதாக்கினால் பத்துகூடப் போடலாம், ஆனால் இடுப்பில் செருகிக்கொண்டு நடக்க முடியாது. ஆறு என்பது இப்படி ஒரு சமரசத்தில் வந்த எண். சாமுவேல் கோல்ட் 1836-ல் காப்புரிமை வாங்கிச் செய்த முதல் ரிவால்வரில் ஐந்துதான். நம் ஊரில் லைசென்ஸ் உள்ளவர்கள் வாங்குகிற அரசுத் தொழிற்சாலை .32 ரிவால்வரில் ஆறு.

பிஸ்டல் வேறு ஜாதி. அதில் தோட்டாக்கள் கைப்பிடிக்குள் செருகும் மேகசினில் ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கப்பட்டிருக்கும். அடியில் ஒரு ஸ்பிரிங் மேலே தள்ளிக்கொண்டே இருக்கும். ஆகவே கைப்பிடி எவ்வளவு நீளம், தோட்டா எவ்வளவு தடிமன், ஒற்றை வரிசையா இரட்டை வரிசையா என்பதுதான் கணக்கு. 1911-ல் அமெரிக்க ராணுவம் ஏற்றுக்கொண்ட .45 பிஸ்டலில் ஏழு. குண்டு பெரிசு, வரிசை ஒன்று. 1935-ல் வந்த ப்ரௌனிங் ஹைபவரில் 13. குண்டு கொஞ்சம் சின்னது, வரிசை இரண்டு. நம் ராணுவமும் போலீசும் வைத்திருக்கும், இஷாப்பூரில் செய்த 9 எம்.எம். பிஸ்டல் இதன் நகல்தான். கிளாக் 17-ல் 17 தோட்டா. (அதனால்தான் அந்தப் பெயர் என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை, அது கம்பெனியின் 17-வது காப்புரிமை. தற்செயலாகப் பொருந்திப்போனது.) மேகசினை நிரப்பி, துப்பாக்கியின் அறையில் முன்கூட்டியே ஒன்று ஏற்றிவைத்தால் மொத்தத்தில் ஒன்று கூடும். ஸ்பிரிங்குக்குப் பயந்து ஒன்று குறைத்துப் போடுகிறவர்களும் உண்டு. அவ்வளவுதான் சாஸ்திரம். 23-க்கு வழியே இல்லை, தம்பி.

ஆனால் இந்தச் சாஸ்திரத்தை உங்கள் மாவட்டத்துக்காரர்கள் மற்றவர்களைவிட நன்றாகத் தெரிந்து வைத்திருக்க வேண்டும். ஏன் தெரியுமா?

1911 ஜூன் 17. மணியாச்சி ஜங்ஷன். நின்றுகொண்டிருந்த ரயிலின் முதல் வகுப்புப் பெட்டியில் திருநெல்வேலி கலெக்டர் ஆஷை வாஞ்சிநாதன் சுட்டார். பிறகு பிளாட்பாரத்துக் கழிப்பறைக்குள் போய்த் தன்னையே சுட்டுக்கொண்டார். கையில் இருந்தது ப்ரௌனிங் பிஸ்டல். அந்தக் கால ப்ரௌனிங்குகளில் ஆறு அல்லது ஏழு கொள்ளும். மூன்று வருடம் கழித்து, 1914 ஜூன் 28-ல் சரயேவோவில் இன்னொரு இளைஞன் இன்னொரு ப்ரௌனிங்கால் இரண்டே முறை சுட்டான். ஆஸ்திரிய இளவரசரும் மனைவியும் இறந்தார்கள், உலகப் போர் வந்தது. சரித்திரத்தை மாற்றியவர்கள் யாரும் 23 முறை சுடவில்லை.

இன்னொன்று. 1967 ஜனவரி 12. ராமாவரம் தோட்டத்தில் எம்.ஜி.ஆர். சுடப்பட்டார். எம்.ஆர். ராதா கழுத்திலும் தலையிலும் காயத்தோடு ஆஸ்பத்திரிக்குப் போனார். யார் யாரைச் சுட்டது என்பதே வழக்கு. எந்தத் துப்பாக்கி, எத்தனை குண்டு, எது யார் உடம்பில் என்று கோர்ட்டும் எண்ணியது, டீக்கடையும் எண்ணியது. அன்றைக்குத் தமிழ்நாட்டில் ரிவால்வர் நிபுணர் அல்லாத ஆளே இல்லை.

சுடப்பட்டவர் எம்.ஜி.ஆர். என்றால் குண்டை எண்ணுவோம். சுடப்பட்டவர் ஏதோ ஒரு வடக்கத்தி ஆள், ஏதோ ஒரு ரவுடி, ஏதோ ஒரு கூலித் தொழிலாளி என்றால்?

என்கவுன்ட்டர் செய்தியை நீங்கள் நூறு முறை படித்திருப்பீர்கள். ஊர் பெயரை மட்டும் மாற்றினால் போதும். 'ரகசியத் தகவலின் பேரில் போலீசார் சுற்றி வளைத்தனர். சரணடையும்படி எச்சரித்தனர். குற்றவாளி நாட்டுத் துப்பாக்கியால் சரமாரியாகச் சுட்டார். போலீசார் தற்காப்புக்காகத் திருப்பிச் சுட்டதில்...' மிச்சத்தை நீங்களே முடித்துவிடுவீர்கள்.

'சரமாரி' என்ற அந்த ஒரு வார்த்தையைப் பிடியுங்கள். அடுத்த நாள் மேஜையில் பரப்பி வைத்துப் பத்திரிகைக்காரர்களுக்குக் காட்டுவது என்ன? பெரும்பாலும் நாட்டுக் கைத்துப்பாக்கி. வடக்கே அதற்குக் 'கட்டா' என்று பெயர். அதில் பெரும்பாலானவை ஒரே ஒரு தோட்டா போடுகிறவை. ஒரு முறை சுட வேண்டும். குழலைத் திறந்து காலி உறையை எடுக்க வேண்டும். பல நேரம் அது சிக்கிக்கொள்ளும், நகத்தால் நோண்ட வேண்டும். அடுத்த தோட்டாவைத் திணித்து, மூடி, மறுபடி குறி பார்க்க வேண்டும். ஆயுதத்தோடு பத்துப் பேர் சுற்றி நிற்கும்போது! இதில் எங்கே சார் மாரி? தூறல்கூட இல்லை.

நான் படித்தது பி.காம். ஆகவே எனக்குத் தெரிந்த பாஷையில் சொல்கிறேன். ஆரம்ப இருப்பு, வரவு, செலவு, இறுதி இருப்பு. ஒரு மளிகைக் கடையில் புளி குறைந்தால் கணக்குப்பிள்ளை பதில் சொல்ல வேண்டும். போலீசில் தோட்டாவும் அப்படித்தான். ஆயுத அறையிலிருந்து எத்தனை வெளியே போனது என்று ரிஜிஸ்டரில் ஏறும். சுட்டால் காலி உறை திரும்ப வர வேண்டும். பயிற்சி மைதானத்தில் சுட்டுவிட்டு உறையைத் தேடிக் குனிந்து நடக்கும் காவலர்களைக் கேளுங்கள், கதை கதையாகச் சொல்வார்கள். லைசென்ஸ்காரர் கதை தெரிந்ததுதான். எத்தனை தோட்டா வைத்துக்கொள்ளலாம், வருஷத்துக்கு எத்தனை வாங்கலாம் என்று லைசென்சிலேயே எழுதியிருக்கும். தேர்தல் வந்தால் துப்பாக்கியைக் கொண்டுபோய் ஸ்டேஷனில் ஒப்படைக்க வேண்டும். பையில் மறந்து வைத்த தோட்டாவோடு விமான நிலையத்துக்குப் போன பிரமுகர்கள் மணிக்கணக்கில் உட்கார்ந்து பதில் சொல்லியிருக்கிறார்கள்.

அதாவது, இந்த நாட்டில் அரிசியைவிட ஒழுங்காகக் கணக்கு வைக்கப்படும் பொருள் தோட்டா. ஒரு ஆள் செத்த அன்றைக்கு மட்டும் அந்தக் கணக்கு யாருக்கும் தேவைப்படுவதில்லை!

துப்பாக்கியே சாட்சி சொல்லும் என்பதையும் கவனியுங்கள். பிஸ்டல், சுட்ட உறையை வெளியே துப்பிவிடும். ரிவால்வர், தானே வயிற்றில் வைத்துக்கொள்ளும். 'பிஸ்டலால் எட்டு முறை சுட்டான்' என்றால் தரையில் எட்டு உறை கிடக்க வேண்டும். 'ரிவால்வரால் சுட்டான்' என்றால் அவன் கையில் இருந்த உருளைக்குள் காலி உறைகள் இருக்க வேண்டும். ரிவால்வரில் ஆறு தோட்டாவும் புத்தம் புதிதாக இருந்தால், அவன் சுடவில்லை; அல்லது உங்கள் ஹீரோ மாதிரி மந்திரம் தெரிந்தவன்.

ஹைதராபாத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 2019 டிசம்பர் 6 விடியற்காலை. பெண் கால்நடை மருத்துவரைக் கொன்ற வழக்கில் கைதான நான்கு பேர், போலீஸ் காவலில் இருக்கும்போதே சுட்டுக் கொல்லப்பட்டார்கள். போலீசாரின் பிஸ்டல்களைப் பிடுங்கிச் சுட்டார்கள் என்பது கதை. ஜனங்கள் போலீஸ் மேல் பூ தூவினார்கள். நம் ஊரிலும் எத்தனை பேர் கைதட்டினீர்கள்! உச்ச நீதிமன்றம் நியமித்த சிர்புர்கர் கமிஷனின் அறிக்கை 2022 மே மாதம் வெளியானது. பிடுங்கினார்கள், சுட்டார்கள் என்பதை நம்ப முடியாது என்றது. பத்து போலீஸ்காரர்கள் மீது கொலை வழக்கு நடத்த வேண்டும் என்றது. பூ தூவியவர்கள் யாரும் அந்த அறிக்கையைத் தேடிப் படித்ததாகத் தெரியவில்லை.

'ரவுடிக்கும் ரேப்பிஸ்டுக்கும் போய் வக்காலத்தா?' என்று ஒரு கூட்டம் இப்போதே பேனாவைத் திறந்திருக்கும். எழுதுங்கள், வரவேற்கிறேன். ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன். உண்மையாகவே உயிருக்குப் பயந்து சுட்ட ஒரு நேர்மையான சப்-இன்ஸ்பெக்டரைக் காப்பாற்றப் போவது உங்கள் கைதட்டல் அல்ல, அந்த உறைகளின் எண்ணிக்கைதான். கணக்கு சரியாக இருந்தால் அவர் ஏன் பயப்பட வேண்டும்?

ரவுடியின் சாவில் கணக்குக் கேட்காமல் விட்ட கை, அடுத்து எங்கே நீளும் என்று தூத்துக்குடிக்காரர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. 2018 மே 22. ஸ்டெர்லைட்டை மூடச் சொல்லி கலெக்டர் ஆபீசுக்குப் போனவர்கள் மேல் சுட்டார்கள். துப்பாக்கிச் சூட்டில் 13 பேர் போனார்கள். பள்ளி வயதுப் பெண்ணும் அதில் ஒருத்தி. நீதிபதி அருணா ஜெகதீசன் கமிஷன் எண்ணியது. எண்ணியபோதுதான் தெரிந்தது, ஒரே ஒரு காவலர் வெவ்வேறு இடங்களில் எஸ்.எல்.ஆர். ரைஃபிளால் 17 ரவுண்டு சுட்டிருக்கிறார். எஸ்.எல்.ஆர். மேகசினில் 20 கொள்ளும். கிட்டத்தட்ட ஒரு மேகசின் காலி. பூங்காவுக்குள் மறைந்து நின்று, ஓடுகிறவர்கள் மேல் சுட்டார்கள் என்றும் கமிஷன் சொன்னது. அறிக்கை சட்டசபைக்கு வந்தது 2022 அக்டோபரில். நான்கு வருஷம் ஐந்து மாதம்!

அந்தப் 17 என்ற எண், மே 22-ந் தேதி ராத்திரியே ஏதோ ஒரு ஆயுத அறையின் ரிஜிஸ்டரில் ஏறியிருக்க வேண்டும். எத்தனை தோட்டா கொடுத்தோம், எத்தனை திரும்பி வந்தது என்று கழித்துப் பார்க்க ஒரு ஹெட் கான்ஸ்டபிளுக்கு ஐந்து நிமிஷம் போதும். அந்த ஐந்து நிமிஷக் கழித்தலை ஊருக்குச் சொல்ல ஒரு கமிஷன், ஆயிரக்கணக்கில் பக்கங்கள், நான்கு வருஷம்.

சட்டம் இல்லாமல் இல்லை. மகாராஷ்டிர என்கவுன்ட்டர்கள் பற்றி பி.யு.சி.எல். போட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் 2014 செப்டம்பர் 23-ல் விதிமுறைகளே வகுத்துக் கொடுத்திருக்கிறது. சாவு நடந்தால் எஃப்.ஐ.ஆர்., வேறு போலீஸ் விசாரணை, மாஜிஸ்திரேட் விசாரணை. சுட்டவர்கள் தங்கள் ஆயுதத்தைப் பரிசோதனைக்கு ஒப்படைக்க வேண்டும். சம்பவம் முடிந்த கையோடு பதவி உயர்வு, வீர விருது எதுவும் கூடாது. எல்லாம் இருக்கிறது. ஆனால் இவையெல்லாம் பின்னால், மெதுவாக, நாம் மறந்த பிறகு நடப்பவை. மறுநாள் காலை பேப்பரில் வருவது பிரஸ் நோட் மட்டும்தான்.

ஆகவே நான் கேட்பது அந்த பிரஸ் நோட்டில் ஒரே ஒரு வரி. போலீஸ் எடுத்துப் போன தோட்டா எத்தனை, திரும்பி வந்தது எத்தனை, இடத்தில் கிடைத்த காலி உறை எத்தனை, செத்தவன் கையில் இருந்த துப்பாக்கியில் எத்தனை. நான்கு எண்கள். தீபாவளி பந்தோபஸ்துக்கு எத்தனை ஆயிரம் போலீஸ் என்று ஒவ்வொரு வருஷமும் எண் கொடுக்கிற அதே ஆபீஸ்தான் இதையும் கொடுக்க வேண்டும். ரகசியம் என்பார்கள். செத்த ஆளின் பெயர், அப்பா பெயர், அவன் மேல் இருந்த வழக்குகளின் எண்ணிக்கை வரை அன்றைக்கே கொடுக்கிறார்களே, அது மட்டும் ரகசியமில்லையா?